பூச்சாடிப் படமும் என் தம்பியின் குரலும்

மலாக்காவில் என் தம்பி கருணாகரனை நினைவு வைத்திருக்கிற பழைய ஆட்கள் இன்னும் இருக்கிறார்கள். கடையிலோ கோயிலிலோ என்னைப் பார்த்துவிட்டால், “டீச்சர், உங்க தம்பி படத்துக்குப் பேசுவாரே, அந்த மாதிரி இனிமே யாரு பேசப் போறா?” என்று ஆரம்பிப்பார்கள். சொல்லி முடிப்பதற்குள் சிரிப்பு வந்துவிடும். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவர்களுக்குச் சிரித்தது மட்டும்தான் நினைவிருக்கிறது. அந்தச் சிரிப்பினால் அவன் எதை இழந்தான் என்பது எனக்கும் இன்னொருத்திக்கும்தான் தெரியும். அவன் போய்ச் சேர்ந்து சில வருஷமாகிறது. வழியில் பார்க்கிறவர்களிடமெல்லாம் கோபித்துக்கொண்டிருப்பதைவிட எழுதி வைப்பது மேல் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

எங்கள் அப்பா தோட்டத்தில் ரப்பர் மரம் சீவியவர். ஜப்பான்காரன் காலத்தில் அவரும் அம்மாவும் அடுத்தடுத்துப் போய்விட்டார்கள். நான் முட்டி மோதிப் படித்து, டவுனில் ஒரு தமிழ்ப்பள்ளியில் ஆசிரியை ஆனேன். கல்யாணமும் ஆயிற்று. தபால் ஆபீஸில் வேலை பார்த்த என் வீட்டுக்காரர் வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்று பயப்படுகிற மனிதர். அந்தக் குறை தெரியாமல் இருக்கட்டும் என்றுதான் கடவுள் என் தம்பியை எங்களோடு தங்க வைத்தார் போலிருக்கிறது. அவனுக்குத் தூக்கத்தில்கூட வாய் ஓயாது. யாரைப் பார்த்தாலும் ஐந்து நிமிஷத்தில் அவர்களைப் போலவே பேசிக் காட்டுவான். எங்கள் தலைமையாசிரியரை அவன் செய்து காட்டியதைப் பார்த்து என் வீட்டுக்காரரே வாய்விட்டுச் சிரித்திருக்கிறார்.

காஜா பேராங்கில், கம்போங் செட்டி என்கிற செட்டி மக்களின் கிராமத்தை ஒட்டி எங்கள் வாடகை வீடு. செட்டி மக்களைப் பற்றித் தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். அவர்கள் பெயர் நம் பெயர், சாமி நம் சாமி, பொங்கலும் உண்டு, மாரியம்மன் திருவிழாவும் உண்டு. எத்தனையோ தலைமுறைக்கு முன்னால் கப்பலில் வந்தவர்கள். வாயில் தமிழ் மட்டும் தங்கவில்லை. வீட்டில் பேசுவது மலாய். அதுவும் அவர்களுக்கென்று ஒரு தனி மலாய். நடுநடுவே அக்கா, தம்பி, மாமா என்று நம் சொற்கள் தலைகாட்டும். அந்தப் பையன்களோடு பந்து விளையாடியே என் தம்பிக்கு அந்த மலாய் தாய்மொழி மாதிரி ஒட்டிக்கொண்டது.

வேலை என்று அவனுக்கு வாய்த்தது படம் ஓட்டுவது. டவுனில் மளிகைக்கடை வைத்திருந்த அப்துல் ஹமீது நானா, பினாங்கில் தொழிலை விட்ட யாரோ ஒருவரிடம் ஒரு புரொஜெக்டரும் பழைய வேனும் வாங்கியிருந்தார். சம்பளம் போடுகிற சனிக்கிழமைகளில் தோட்டம் தோட்டமாகப் போய், வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டுவார்கள். பெரிய படங்களை வாடகைக்கு எடுப்பார்கள். ஒரே ஒரு படம் மட்டும் நானாவுக்குச் சொந்தம். புரொஜெக்டரோடு இலவசமாக வந்தது அது.

பேசும் படம் வந்த புதிதில் இந்தியாவில் எடுத்த சின்ன நகைச்சுவைப் படம். இருபது நிமிஷம் ஓடினால் அதிகம். ஆரம்பத்தில் பேர் போடுகிற பகுதி எப்போதோ கிழிந்து போயிருந்ததால் அதற்குப் பேரே இல்லை. அந்தக் காலத்தில் மைக்கை எங்காவது ஒளித்து வைத்துத்தான் படம் எடுப்பார்களாம். இதில் மேசைமேல் இருந்த பூச்சாடிக்குள் வைத்திருப்பார்கள் போல. காதலன் காதலியிடம் பேசினாலும் அப்பா மகளைத் திட்டினாலும் எல்லாரும் அந்தப் பூச்சாடியைப் பார்த்துத்தான் கத்துவார்கள். அதனால் தோட்டத்து ஜனங்கள் அதைப் பூச்சாடிப் படம் என்றே சொன்னார்கள்.

கதை இவ்வளவுதான். கையில் சல்லிக்காசு இல்லாத ஒருவன், இரவல் கோட்டும் இரவல் கைக்கடிகாரமும் போட்டுக்கொண்டு, பெரிய பணக்காரன் என்று சொல்லிப் பெண் கேட்கப் போவான். பெண்ணின் அப்பா காசு என்றால் உயிரை விடுகிறவர். கொடுக்கிற ஒவ்வொரு காசையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, பிறகு பல்லால் கடித்துப் பார்ப்பார். கடைசியில் பார்த்தால் அவர் வீட்டு நாற்காலி மேசையெல்லாம் வாடகைக்கு எடுத்தவை. கல்யாணம் பேசி முடிக்கிற நேரம் பார்த்துக் கோட்டுக்காரனும் நாற்காலிக்காரனும் சேர்ந்து வந்து நிற்பார்கள். மாப்பிள்ளை பனியனோடு நிற்பான், மாமனார் வெறுந்தரையில் உட்கார்ந்திருப்பார், பெண் பூச்சாடியைப் பார்த்துச் சிரிப்பாள். படம் முடிந்துவிடும்.

ஒரு வருஷம் மாரியம்மன் திருவிழா முடிந்த கையோடு, கம்போங் செட்டி இளைஞர்கள் நானாவிடம் வந்து எங்களுக்கும் படம் காட்டுங்கள் என்றார்கள். கோயிலுக்குப் பக்கத்துத் திடலில் துணி கட்டினார்கள். முதலில் பூச்சாடிப் படம். ஜனங்கள் பாய் விரித்து மரியாதையாக உட்கார்ந்து, மரியாதையாகப் பார்த்தார்கள். ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. பேச்சு புரிந்தால்தானே சிரிப்பார்கள். என் தம்பிக்கு அது பொறுக்கவில்லை. புரொஜெக்டரில் சத்தத்தைக் குறைத்தான். அறிவிப்புச் செய்கிற மைக்கை எடுத்தான். அப்பா, மகள், மாப்பிள்ளை, கோட்டுக்காரன் எல்லாருக்கும் அவனே, அவர்களுடைய மலாயில், பேச ஆரம்பித்தான். உதட்டசைவுக்குச் சரியாக வார்த்தை விழுந்தது. பூச்சாடிக்குக்கூட ஒரு குரல் கொடுத்து, “எல்லாரும் ஏன்யா என்னையே பாத்துக் கத்துறீங்க?” என்று கேட்க வைத்தான். திடலே உருண்டு புரண்டு சிரித்தது. அதிலிருந்து திருவிழா என்றால் கருணாவின் படமும் உண்டு என்று ஆகிப்போயிற்று.

அன்று முன்வரிசையில் எல்லாரையும்விட உரக்கச் சிரித்தவள் சந்திரமதி. நல்லையா பிள்ளையின் இளைய மகள். மறுநாள் குழாயடியில் அவனை நிறுத்தி, “எல்லாம் சரி. அந்தப் பெண் பேசியதுதான் சரியில்லை. எங்கள் வீட்டுப் பெண் காதலனிடம் அப்படிப் பேசமாட்டாள்” என்று சொல்லியிருக்கிறாள். அவள் பேசியது மலாய்தான். நான் தமிழில் தருகிறேன். என் தம்பி அளவுக்கு எனக்கு அந்த வித்தை வராது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

“வேற எப்படிப் பேசுவா?” என்று இவன் கேட்க, அவள் சொல்லிக் கொடுக்க, அப்படித்தான் ஆரம்பித்தது. அடுத்த தடவை படம் ஓடியபோது அந்தப் பெண்ணுக்கு இவன் கொடுத்ததெல்லாம் சந்திரமதியின் வார்த்தைகள். திடலில் அவர்கள் இரண்டு பேருக்கு மட்டும் அது தெரியும். நான் மூன்றாவது ஆள், எனக்குக் கொஞ்சம் தாமதமாகத் தெரிந்தது.

நல்லையா பிள்ளை அரசாங்க அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். மனைவி இல்லை. மூத்த மகளைச் சிங்கப்பூரில் கட்டிக்கொடுத்த செலவில் வீடு இளைத்துப் போயிருந்தது. ஆனால் மனிதர் வெளியே வந்தால் மடிப்புக் கலையாத சட்டைதான். எதைக் கேட்டாலும் உடனே பதில் சொல்லமாட்டார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றுவார், சட்டை நுனியால் துடைப்பார், வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பார்ப்பார், தொண்டையைச் செருமுவார், அப்புறம் “தெங்கோ டுலு” என்பார். முதலில் பார்க்கலாம் என்று அர்த்தம். மழை வருமா என்று கேட்டாலும் அதுதான் பதில். வீட்டுக் கூடத்தில் சித்திர வேலைப்பாடு செய்த இரண்டு பழைய நாற்காலிகள் இருந்தன. அவருடைய தாத்தா உட்கார்ந்தவை. அவற்றில் அவர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை, யாரையும் உட்கார விட்டதுமில்லை.

அவரிடம் போய்ப் பெண் கேட்கிற வேலை என் தலையில் விழுந்தது. என் வீட்டுக்காரரும் கூட வந்தார், வழக்கம்போல எதுவும் பேசவில்லை. பழத்தட்டை வைத்துவிட்டு நானே விஷயத்தைச் சொன்னேன். தோட்டத்துப் பிள்ளை, படம் ஓட்டுகிறவன், அவர்கள் ஆளும் இல்லை. எதையும் மறைக்கவில்லை. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“தெங்கோ டுலு” என்றார். பிறகு, “சிக்கு, பார்ச்சு முடியட்டும். பெரியவர்களிடம் சொல்லிவிட்டுச் சொல்கிறேன்” என்றார். மலாயில் ஆசிரியையைச் சிக்கு என்றுதான் கூப்பிடுவார்கள்.

பார்ச்சு என்பது அவர்கள் வீட்டில் இறந்துபோனவர்களுக்குச் சாப்பாடு படைக்கிற நாள். பொங்கலுக்கு முன் ஒன்று, பழக்காலத்தில் ஒன்று. ஒரு அறையில் வரிசையாக இலை போட்டு, போனவர்களுக்கு எதெது பிடிக்குமோ அதையெல்லாம் வைத்து, சாம்பிராணி போட்டுக் கதவைச் சாத்திவிட்டு வெளியே வந்துவிடுவார்கள். அவர்கள் வந்து சாப்பிட்டுப் போனபிறகு கதவைத் திறந்து மற்றவர்கள் சாப்பிடுவார்கள். இலை அந்த வீட்டுக்காரர்களுக்கு மட்டும்தான். எத்தனை நெருங்கிய சிநேகிதனாக இருந்தாலும் வேற்றாள் பேரில் இலை விழாது.

அந்த வருஷப் பழக்காலத்துப் பார்ச்சுவுக்கு நல்லையா பிள்ளை எங்களைக் கூப்பிட்டார். கருணாகரனைத் தன் பக்கத்தில் உட்கார வைத்து, டுரியான் சுளையை எடுத்து அவன் கையில் வைத்தார். கிளம்பும்போது என்னிடம், “மெர்டேக்கா ஆரவாரமெல்லாம் அடங்கட்டும் சிக்கு. வெற்றிலையோடு வாருங்கள்” என்றார். தம்பிக்கு அதற்கப்புறம் கால் தரையில் படவில்லை. எனக்கு மட்டும் படவா செய்தது?

அது ஐம்பத்தேழாம் வருஷம். மெர்டேக்கா என்கிற சுதந்திரத்துக்கு நாள் குறித்து அறிவித்ததே எங்கள் மலாக்காத் திடலில்தான், அதனால் எங்கள் ஊருக்குக் கொஞ்சம் கூடுதலாகவே தலைக்கனம். நான் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்குப் புது நாட்டின் பாட்டைச் சொல்லிக்கொடுத்துத் தொண்டை கட்டிக் கிடந்தேன். தம்பி நானாவோடு தோட்டங்களைச் சுற்றிக்கொண்டிருந்தான். ஒவ்வொரு தோட்டத்திலும் விழா, ஒவ்வொன்றிலும் படம். மெர்டேக்கா முடிந்த வாரம்தான் காஜா பேராங்கில் எங்கள் காட்சி.

அந்த மாதிரிக் கூட்டத்தை நான் அங்கே பார்த்ததில்லை. செட்டி மக்கள் மட்டுமில்லை. மலாய்க்காரர்கள், சீனர்கள், டவுன் தமிழர்கள், உஜோங் பாசிரிலிருந்து மீன்பிடிக்கிற குடும்பங்கள்கூட வந்திருந்தன. முன்னால் நாற்காலி போட்டுப் பெரியவர்களை உட்கார வைத்திருந்தார்கள். நல்லையா பிள்ளை நடுவில் இருந்தார். நான் பெண்கள் பக்கம், சந்திரமதிக்கு அருகில் பாயில் உட்கார்ந்தேன்.

படம் ஆரம்பித்தது. கூட்டத்தில் பாதிப் பேர் புதியவர்கள். சிரிப்பு அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் வந்தது. மைக்கில் என் தம்பியின் குரலில் லேசாகப் பதற்றம் தெரிந்தது. கூட்டம் சிரிக்காவிட்டால் அவனுக்கு மூச்சே திணறிவிடும், அது அவன் பிறவிக் கோளாறு. திரையில் அந்தக் கிழவர் காசை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தார். ஒரு விநாடி மைக்கில் சத்தமில்லை. அப்புறம் ஒரு செருமல் வந்தது. அப்புறம், “தெங்கோ டுலு.”

அச்சு அசல் நல்லையா பிள்ளை. செட்டி மக்கள் முதலில் திகைத்தார்கள், அடுத்த நொடி வெடித்தார்கள். அவர்கள் சிரித்ததைப் பார்த்து மற்றவர்களும் சிரித்தார்கள். என் தம்பிக்கு அது தலைக்கேறிவிட்டது. ஒவ்வொரு காசுக்கும் செருமினான், ஒவ்வொரு காசுக்கும் தெங்கோ டுலு. சிறுபிள்ளைகள் எழுந்து நின்று கூடவே சொன்னார்கள். சந்திரமதியும் முதலில் சிரித்தாள். நான் நல்லையா பிள்ளையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அவரும் புன்னகையோடுதான் இருந்தார், அதுவரைக்கும்.

கடைசியில் நாற்காலிக்காரன் வந்தான். படத்தில் அந்தக் கிழவர், சாயங்காலம் வரையாவது விட்டு வையப்பா என்று கெஞ்சுவார். என் தம்பி அதை விட்டுவிட்டு, நல்லையா பிள்ளையின் குரலில் பேசினான். “அந்த நாற்காலியைத் தொடாதே. அது என் தாத்தா உட்கார்ந்தது. பார்ச்சுவுக்கு அவர் வந்தால் எங்கே உட்காருவார்?”

சிரிப்பு வந்தது. ஆனால் அது வேறு மாதிரிச் சிரிப்பு. வெளியாட்கள் உரக்கச் சிரித்தார்கள். செட்டி மக்களில் சிலர் வாயைப் பொத்திக்கொண்டு ஒருவரையொருவர் பார்த்தார்கள், சிலர் குனிந்துகொண்டார்கள். சந்திரமதி என் கையைப் பிடித்தாள். என்னவென்று எனக்குப் புரியவில்லை. நல்லையா பிள்ளை எழுந்து போகவில்லை. எழுந்தால் தன்னைத்தான் சொன்னார்கள் என்று தானே ஒப்புக்கொண்டது போலாகிவிடும். அடுத்து ஓடிய பெரிய படத்தையும் கடைசிவரை உட்கார்ந்து பார்த்துவிட்டு, நானாவுக்கு நன்றி சொல்லிவிட்டுத்தான் வீட்டுக்குப் போனார்.

தம்பி வாயெல்லாம் பல்லாக வந்தான். “எப்படிக்கா? மாமாவையே படத்துல ஏத்திட்டேன் பாத்தியா?”

“ஏண்டா, பொண்ணு குடுக்கப் போற மனுசன். அவரையா கேலி பண்ணுவ?”

“மாமான்னா கேலி பண்ண மாட்டாங்களா? நம்ம தோட்டத்துல மாப்பிள்ளை மாமனாரைக் கிண்டல் பண்ணாத கல்யாணம் ஒண்ணு காட்டு பாப்போம். சொந்தம்னு நெனைச்சதுனாலதானேக்கா பண்ணினேன்.”

அவன் சொன்னது பொய்யில்லை. எங்கள் ஜனங்களிடம் அதுதான் பழக்கம். மாமனுக்குச் சேறு பூசினாலும் சிரித்துக்கொண்டு துடைத்துக்கொள்வார். கேலி செய்யாத மாப்பிள்ளையைத்தான், இவனுக்கு நம்மைப் பிடிக்கவில்லையோ என்று சந்தேகப்படுவார்கள். செட்டி வீட்டில் பெரியவர் முன்னால் குரலை உயர்த்திப் பேசினாலே அடுத்த வீட்டுக்காரர் எட்டிப் பார்ப்பார் என்பது, அத்தனை வருஷம் அவர்களோடு பந்து விளையாடியும் அவன் மண்டையில் ஏறவில்லை.

இரண்டு நாள் கழித்து வெற்றிலைத் தட்டோடு நான் போனேன். கூடத்தில் அந்த இரண்டு நாற்காலிகளும் இல்லை. அவை இருந்த இடத்தில் தரை மட்டும் வேறு நிறமாக இருந்தது. அந்த நாற்காலி வசனத்துக்கு அவர்கள் ஏன் குனிந்துகொண்டார்கள் என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது. நல்லையா பிள்ளை பெஞ்சில் உட்காரச் சொன்னார். தேநீர் கொடுத்தார். தட்டை அவர் தொடவில்லை.

“உங்கள் தம்பி நன்றாகச் செய்தார் சிக்கு. எல்லாரும் சொல்கிறார்கள்” என்றார்.

“சின்னப் பிள்ளை. தெரியாமல் செய்துவிட்டான். உங்களை அப்பா மாதிரி நினைத்து…”

“தெரியும். கெட்ட எண்ணம் இல்லை. எனக்குக் கோபமும் இல்லை.” அவர் கை கண்ணாடிக்குப் போயிற்று, பாதியில் நின்று இறங்கியது. “நேற்றுக் கடையில் கண்ணாடியைத் துடைத்தேன். பக்கத்தில் நின்ற பிள்ளைகள் சிரித்துவிட்டார்கள். மூன்று தலைமுறையாக இந்தக் கம்போங்கில் இருக்கிறோம் சிக்கு. இனிமேல் என்னால் இங்கே கண்ணாடி துடைக்க முடியாது. உங்கள் தம்பியை மருமகனாக வைத்துக்கொண்டு நான் எப்படி வாசலில் உட்காருவேன்?”

நான் அழுதேன். அவர் இன்னொரு கோப்பைத் தேநீர் ஊற்றினார்.

தம்பி போய் அவர் காலில் விழுந்தான். அவர் தூக்கி நிறுத்தி உட்கார வைத்து, காப்பி கொடுத்து, உடம்பெல்லாம் சௌக்கியமா என்று விசாரித்து அனுப்பிவிட்டார். நாலு வார்த்தை திட்டியிருந்தாலாவது மன்னிப்புக்கு வழி இருந்திருக்கும். அந்த மரியாதையை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அவனுக்குத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான்.

சந்திரமதி ஒருநாள் என் பள்ளிக்கூடத்துக்கு வந்தாள். மணி அடித்துப் பிள்ளைகள் போனபிறகு காலி வகுப்பில் சின்ன பெஞ்சில் உட்கார்ந்து சொன்னாள்.

“பார்ச்சு முடிந்த வாரம் அப்பா அந்த நாற்காலிகளை விற்றுவிட்டார், அக்கா. திரிஷா வண்டியில் ஏற்றிப் போனதைக் கம்போங்கே பார்த்தது. உங்கள் தம்பி தோட்டத்திலேயே சுற்றிக்கொண்டிருந்தார், நீங்கள் பள்ளிக்கூடமே கதி என்று இருந்தீர்கள், உங்கள் இருவருக்கும் தெரியாது.”

“எதுக்கும்மா வித்தாரு?”

“கல்யாணத்துக்கு. மாப்பிள்ளை வெறும் விரலோடு வந்து உட்காரக் கூடாது என்று முதலில் மோதிரத்துக்குத்தான் சொல்லிவைத்தார்.”

அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

“இன்னொன்றும் இருக்கிறது. அப்பா மாதிரிப் பேச அவருக்குச் சொல்லிக் கொடுத்தது நான்தான். அந்த நாற்காலி வசனம், பார்ச்சுவுக்குத் தாத்தா எங்கே உட்காருவார் என்பது, வீட்டுக்குள் அப்பா என்னிடம் மட்டும் சொல்வது. அதை நான் விளையாட்டாக அவருக்குச் செய்து காட்டினேன். எங்கள் இரண்டு பேருக்கு மட்டும் என்று நினைத்தேன். அதைக் கேட்டபோதே அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது, மகளும் சேர்ந்து தன்னைப் பார்த்துச் சிரித்திருக்கிறாள் என்று. என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை அக்கா. அப்பாவை விட்டுவிட்டு நான் எப்படி வருவேன்?”

இருட்டுவதற்குள் அவளை வீட்டில் கொண்டுபோய் விட்டேன்.

மோதிர விஷயத்தை நான் தம்பியிடம் சொன்னேன். சொல்லாமல் விட்டிருக்கலாமோ என்று பிறகு பலநாள் நினைத்ததுண்டு. ஆனால் அவனுக்குத் தெரிய வேண்டியதுதான். அடுத்த திருவிழாவுக்கு இளைஞர்கள் வந்து கூப்பிட்டார்கள். போனான். பூச்சாடிப் படத்தை அதன் சொந்தச் சத்தத்தோடு தமிழிலேயே ஓட்டினான். ஜனங்கள் மரியாதையாக உட்கார்ந்து பார்த்துவிட்டுப் போனார்கள். அவன் மறுபடி மைக்கைத் தொடவேயில்லை. சில வருஷத்தில் டெலிவிஷன் வந்தது, நானா புரொஜெக்டரை விற்றார். தம்பி பஸ்ஸில் டிக்கெட் கிழிக்கிற வேலைக்குப் போனான். பெண் பார்க்கிறேன் என்று நான் வாயெடுத்தால் எழுந்து வெளியே போய்விடுவான். வீட்டில் அதிலிருந்து இரண்டு பேசாத ஆண்கள். நான் சுவரோடுதான் சண்டை போட்டுக்கொண்டிருந்தேன்.

சந்திரமதியும் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கடைசிக் காலத்தில் நல்லையா பிள்ளைக்குக் கண் தெரியாமல் போயிற்று. கண்ணாடிக்கே வேலையில்லாமல் போய்விட்டது. அவர் இறந்தபோது தம்பி போய் வாசலுக்கு வெளியே, வெயிலில், எடுக்கிறவரை நின்றான்.

அந்த வருஷப் பழக்காலப் பார்ச்சுவுக்குச் சந்திரமதி என்னைக் கூப்பிட்டாள். “தம்பியையும் அழைத்து வாருங்கள் அக்கா” என்றாள். அவன் வரமாட்டேன் என்றான். கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனேன். அறையில் இலைகள் போட்டிருந்தாள். அப்பாவின் இலையில் டுரியானும் சர்க்கரை போடாத காப்பியும். சாம்பிராணி காட்டிக் கதவைச் சாத்தினாள். மூன்று பேரும் கூடத்தில் அந்தப் பழைய பெஞ்சில் காத்துக்கொண்டிருந்தோம்.

“அப்பாவின் குரல் எனக்கு மறந்துகொண்டே வருகிறது” என்றாள் திடீரென்று, அவனைப் பார்க்காமலே. “நான் செய்து பார்த்தேன். இப்போது வரவில்லை. உங்களுக்கு வரும்.”

அவன் தலையை ஆட்டி மறுத்தான். கண்ணெல்லாம் நிறைந்திருந்தது. அவள் விடவில்லை. அவன் பக்கம் திரும்பி நேராக உட்கார்ந்தாள். அப்பா முன்னால் உட்காருகிற மாதிரி இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டாள்.

“அப்பா, இந்தக் கருணாகரனை நான் கட்டிக்கொள்ளட்டுமா?”

போலே என்று ஒரு வார்த்தை. சரி என்பதற்கு மலாயில் அவ்வளவுதான். இத்தனை வருஷத்தை அது அழித்துவிடும். சொல்லுடா, சொல்லுடா என்று மனசுக்குள் கத்தினேன். அவள் அதைத்தான் கேட்கிறாள் என்பது பச்சைக் குழந்தைக்குக்கூடத் தெரியும்.

அவன் சாத்தியிருந்த கதவைப் பார்த்தான். மெல்ல இல்லாத கண்ணாடியைக் கழற்றினான். சட்டை நுனியால் துடைத்தான். ஜன்னல் வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பார்த்தான். செருமினான்.

“தெங்கோ டுலு.”

செத்துப்போன மனிதர் வந்து பெஞ்சில் உட்கார்ந்த மாதிரி இருந்தது. சந்திரமதி சிரித்தாள், முன்வரிசையில் உட்கார்ந்து சிரித்த அதே பழைய சிரிப்பு. சிரித்துக்கொண்டே இருந்தவள் பாதியில் நிறுத்தினாள். கொஞ்ச நேரம் அவனையே பார்த்தாள். அப்புறம் எழுந்து போய்க் கதவைத் திறந்து, “சாப்பிட வாருங்கள்” என்றாள்.

திரும்பி வரும் வழியெல்லாம் அவனைத் திட்டினேன். “போலேன்னு சொல்லியிருந்தா உன் வாயி தேஞ்சா போயிருக்கும்?”

“அவரு உள்ள உக்காந்து சாப்பிட்டுக்கிட்டிருக்காருக்கா. அவரு சொல்லாத வார்த்தைய மறுபடி அவரு வாயில நான் எப்படி வைப்பேன்?”

“அப்ப உன் குரல்ல கேட்டிருக்க வேண்டியதுதானே. அவ அங்கேயேதான உக்காந்திருந்தா?”

“ஊரு குரலெல்லாம் வரும்க்கா. என் குரல்ல பேசத்தான் எனக்கு வராது” என்றான்.

அவள் மறுபடி கேட்கவில்லை. இவனும் போய்க் கேட்கவில்லை. இருவரும் வழியில் பார்த்தால் நலம் விசாரித்துக்கொள்வார்கள், அவ்வளவுதான். அப்படியே வயசாகிவிட்டது. அந்த ஒருநாள் மட்டும் என் தம்பி பொய் சொல்லியிருக்கலாம் என்று நான் இன்றைக்கும் நினைக்கிறேன். நினைக்கும்போதெல்லாம் அவன்மேல் கோபம் வருகிறது, கோபத்தோடு அழுகையும் வருகிறது.

சந்திரமதி இன்னும் அதே வீட்டில்தான் இருக்கிறாள். போன பார்ச்சுவுக்கு என்னைக் கூப்பிட்டிருந்தாள். அறையைச் சாத்துவதற்கு முன் உள்ளே எட்டிப் பார்த்தேன். தாத்தா, பாட்டி, அம்மா, அப்பா என்று வரிசையாக இலைகள். அப்பாவின் இலைக்குப் பக்கத்தில் புதிதாக இன்னொன்று போட்டு, உரித்த டுரியான் சுளை ஒன்றை வைத்திருந்தாள். யாருக்கம்மா இது என்று கேட்டேன்.

“அவருக்கு” என்றாள். சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தினாள்.